மறையுரை மேடையும் நாடக மேடையும்

1577-ஆம் ஆண்டு நவம்பர் 3-ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை. இலண்டன் மாநகரில் கொள்ளைநோய் பரவியிருந்த நேரம். புனித பவுல் பேராலய வளாகத்தில் 'பால்ஸ் கிராஸ்' என்னும் திறந்தவெளி மறையுரை மேடை ஒன்று இருந்தது. அன்று அதில் ஏறிய தாமஸ் ஒயிட் என்னும் ஆங்கிலிக்கன் போதகர், மக்களின் துயருக்குக் காரணம் கண்டு சொன்னார். கொள்ளைநோய்க்குக் காரணம் பாவம். பாவத்துக்குக் காரணம் நாடகம். ஆகவே, கொள்ளைநோய்க்குக் காரணம் நாடகமே என்பது அவர் வாதத்தின் சாரம்.

தர்க்கம் பயின்றோர் இவ்வாதத்தின் ஓட்டையை உடனே காண்பர். ஆனால் அன்று அதைக் கேட்டவர்கள் தங்கள் வீட்டில் பிணம் விழுமோ என்று அஞ்சியிருந்தவர்கள். அச்சத்தில் இருப்பவனுக்குத் தர்க்கத்தைவிடக் குற்றவாளி ஒருவன் தேவைப்படுகிறான். அந்தக் குற்றவாளி நகரின் எல்லையிலேயே, புதிதாகக் கட்டப்பட்ட மரக்கட்டடத்தில், நாள்தோறும் எக்காளம் ஊதிக் கூட்டம் சேர்த்துக்கொண்டிருந்தான்.

முதலாம் எலிசபெத் அரசியின் ஆட்சியில் (1558–1603) நாடகத்துக்கு எதிராக எழுந்த இந்த ஒழுக்கப் போராட்டத்தை, சில தூய்மைவாதிகளின் முரட்டுப் பிடிவாதம் என்று எளிதாக ஒதுக்கிவிடுவது வழக்கம். நாம் அவ்வாறு ஒதுக்க விரும்பவில்லை. ஆன்மாக்களைக் காக்கும் பொறுப்பு தங்களுக்கு உண்டென்று நம்பிய மனிதர்களின் கதை இது. அந்தப் பொறுப்பு நமக்கும் உண்டு. ஆகவே, அவர்கள் எதைச் சரியாகக் கண்டார்கள், எங்கே வழி தவறினார்கள் என்று பார்ப்பது பயன் தரும்.

குற்றச்சாட்டுகள்

1576-இல் ஜேம்ஸ் பர்பேஜ் என்னும் நடிகர் இலண்டன் மாநகராட்சியின் அதிகார எல்லைக்கு வெளியே, ஷோர்டிச் பகுதியில், 'தியேட்டர்' என்று பெயரிட்டு ஒரு நாடக அரங்கைக் கட்டினார். அவ்விடம் எட்டாம் ஹென்றி மன்னர் காலத்தில் கலைக்கப்பட்ட ஹாலிவெல் கன்னியர் மடத்தின் நிலம். அதே ஆண்டில், தோமினிக்கன் துறவியர் வாழ்ந்த பிளாக்ஃபிரையர்ஸ் மடத்தின் ஒரு பகுதியிலும் சிறுவர்கள் நடிக்கும் அரங்கு ஒன்று தொடங்கியது. திருப்புகழ்மாலை ஒலித்த இடங்களில் நாடக வசனம் ஒலிக்கலாயிற்று. அடுத்த ஆண்டில் 'கர்ட்டன்', 1587-இல் தேம்ஸ் நதியின் தென்கரையில் 'ரோஸ்', 1599-இல் 'குளோப்' என அரங்குகள் பெருகின. ஒரு பென்னி கொடுத்தால் நின்றுகொண்டு பார்க்கலாம். பெரிய அரங்குகளில் ஏறத்தாழ 3,000 பேர் கூட முடிந்தது.

எதிர்ப்பு நூல்களும் வரிசையாக வெளிவந்தன. 1577 அளவில் ஜான் நார்த்புரூக், 1579-இல் ஸ்டீபன் காசன், 1583-இல் பிலிப் ஸ்டப்ஸ், 1599-இல் ஆக்ஸ்போர்டு அறிஞர் ஜான் ரெனால்ட்ஸ் ஆகியோர் நூல் எழுதிக் கண்டித்தனர். அவர்கள் கூறியவற்றைத் தொகுத்தால் ஐந்து குற்றச்சாட்டுகள் தெரியும். ஆண்டவரின் நாளில் நாடகம் நடக்கிறது. கூட்டம் நோயைப் பரப்புகிறது. தொழில் பழகும் இளைஞர்கள் வேலையை விட்டு ஓடிவந்து திருடர்களிடமும் விலைமாதரிடமும் சிக்குகிறார்கள். நாடகம் பேய்வழிபாட்டிலிருந்து பிறந்தது. சிறுவர்கள் பெண்ணுடை அணிந்து நடிப்பதால் இணைச்சட்ட நூலின் 22-ஆம் அதிகாரம் விதித்த தடை மீறப்படுகிறது.

இவற்றுள் பொய்யல்லாதவை உண்டு. கூட்டத்தால் நோய் பரவும் என்ற அச்சம் நியாயமானதே. 1592 கோடையில் தொடங்கி 1594 வரை, கொள்ளைநோயின் பொருட்டு அரங்குகள் பெரும்பாலும் மூடிக் கிடந்தன. அரங்குகளைச் சுற்றி மது விடுதிகளும் விலைமாதர் இல்லங்களும் நெருங்கியிருந்ததும் உண்மையே. 'ரோஸ்' அரங்கின் உரிமையாளரான பிலிப் ஹென்ஸ்லோவுக்குக் கரடிவதைக் களத்திலும் விலைமாதர் இல்லங்களிலும் பணத்தொடர்பு இருந்தது. அதே மனிதர் தம் பங்கு ஆலயத்தின் நிர்வாகப் பொறுப்பிலும் இருந்தார்!

1578-இல் அதே பால்ஸ் கிராஸ் மேடையில் பேசிய ஜான் ஸ்டாக்வுட் இன்னொரு வேதனையை வெளியிட்டார். நாடகத்துக்கு ஒரு முறை எக்காளம் ஊதினால் ஆயிரம் பேர் திரள்கிறார்கள். மறையுரைக்கு ஒரு மணி நேரம் கோயில் மணி அடித்தாலும் நூறு பேர் வருவது அரிது என்று அவர் வருந்தினார். மறையுரை ஆற்றும் எவருக்கும் இந்த வேதனை புரியாததன்று. ஆனால் அதில் ஓர் ஆபத்தும் மறைந்திருக்கிறது. ஆன்மாக்களைக் குறித்த அக்கறை எது, கூட்டத்தை இழந்தவனின் பொறாமை எது என்று பிரித்தறிவது எளிதன்று. வெளியிலிருந்து பார்ப்பவர்க்கு இரண்டும் ஒரே குரலில்தான் ஒலிக்கும்.

சீலோவாமின் கோபுரம்

1583-ஆம் ஆண்டு சனவரி 13-ஆம் நாளும் ஒரு ஞாயிற்றுக்கிழமை. தென்கரையில் 'பாரிஸ் கார்டன்' என்னும் களத்தில் கரடியைச் சங்கிலியில் கட்டி நாய்களை ஏவிவிடும் கொடிய விளையாட்டு நடந்துகொண்டிருந்தது. மக்கள் நெருக்கத்தைத் தாங்காமல் மரச்சாரம் சரிந்து விழுந்தது. சிலர் இறந்தனர், மிகப் பலர் காயமுற்றனர். ஜான் ஃபீல்டு என்னும் தூய்மைவாதப் போதகர் உடனே ஒரு சிறுநூல் எழுதி, இது ஆண்டவரின் நாளை அவமதித்தோர்மேல் விழுந்த இறைத்தீர்ப்பு என்றார். விழுந்தது கரடிக்களம், ஆனால் நாடக அரங்குகளுக்கும் அதுவே எச்சரிக்கையாகக் காட்டப்பட்டது.

இங்கே நாம் லூக்கா நற்செய்தியின் 13-ஆம் அதிகாரத்தை நினைக்காமல் இருக்க முடியவில்லை. சீலோவாமில் கோபுரம் விழுந்து பதினெட்டுப் பேர் மாண்டபோது, அவர்கள் எருசலேமில் வாழ்ந்த மற்றவரைவிடக் கொடிய பாவிகளோ என்ற கேள்விக்கு ஆண்டவர் 'இல்லை' என்றே விடையளித்தார். மனம் மாறும்படி அவர் அழைத்தார். ஆனால் இறந்தவர்கள்மேல் குற்றம் சுமத்தவில்லை. விவிலியத்தை ஆழ்ந்து கற்ற ஃபீல்டு போன்றோர் எச்சரிக்கையைப் பற்றிக்கொண்ட அளவுக்கு அந்த 'இல்லை'யைப் பற்றிக்கொள்ளவில்லை.

அந்த மிருகவதையின் கொடுமை எத்தனை பேருக்கு உறுத்தியது? ஸ்டப்ஸ் இதில் பாராட்டத்தக்கவர். கரடியும் இறைவனின் படைப்பு. படைத்தவரை முன்னிட்டேனும் அதை வதைக்கலாகாது என்று அவர் எழுதினார். ஆனால் அரண்மனைக்கு அவ்விளையாட்டு பிடித்தமானது. 1591-இல் அரசியின் ஆலோசனை மன்றம் வியாழக்கிழமைகளில் நாடகம் நடத்தக் கூடாதென்று ஆணையிட்டது. ஒழுக்கத்தைக் காக்கவன்று, அரசியின் மகிழ்ச்சிக்கென நடத்தப்படும் கரடிவதைக்குக் கூட்டம் குறைகிறதே என்பதற்காக!

திருச்சபைத் தந்தையரின் குரல்

இந்தப் போதகர்கள் தங்கள் படைக்கலன்களை எங்கிருந்து எடுத்தார்கள்? பெரும்பாலும் நம்முடைய திருச்சபைத் தந்தையரிடமிருந்தே. உரோமையோடு எவ்வுறவும் வேண்டாமென்றவர்கள், தெர்த்துல்லியனையும் கிறிசோஸ்தோமையும் அகுஸ்தினாரையும் தாராளமாக மேற்கோள் காட்டினர். 1580-இல் இலண்டன் மாநகரின் சின்னம் பொறித்து வெளிவந்த ஒரு நாடக எதிர்ப்பு நூலின் முதற்பகுதி, ஐந்தாம் நூற்றாண்டில் மார்செய் நகரில் வாழ்ந்த சால்வியன் என்னும் குருவின் எழுத்தை மொழிபெயர்த்ததே.

ஆனால் சொல்லை எடுத்தவர்கள் சூழலை எடுக்கவில்லை. தெர்த்துல்லியன் ஏறத்தாழ 200-ஆம் ஆண்டில் கார்த்தேஜ் நகரில் இருந்து எழுதினார். அந்நகரின் விளையாட்டரங்கில்தான் 203-ஆம் ஆண்டு புனித பெர்பெத்துவாவும் புனித பெலிசித்தாவும் மக்களின் கேளிக்கைக்காகக் கொல்லப்பட்டனர். அவர் கண்ட காட்சியரங்கு கிறிஸ்தவரின் இரத்தம் சிந்திய இடம். இலண்டன் மேடையில் சிந்தியதோ போலி இரத்தம்.

அதே மரபில் வேறொரு குரலும் உண்டு. பதின்மூன்றாம் நூற்றாண்டில் புனித தோமா அக்குவினா, உடல் களைப்புக்கு ஓய்வு வேண்டியிருப்பதுபோல் உள்ளக் களைப்புக்கு விளையாட்டு வேண்டும் என்று தமது இறையியல் தொகுப்பில் எழுதினார். மக்களுக்கு மகிழ்ச்சியூட்டும் நடிகரின் தொழில் தன்னளவில் பாவமன்று. தகாத சொல்லும் செயலும் கலவாமல், உரிய காலத்தில், அளவோடு நடந்தால் போதும் என்பது அவர் தீர்ப்பு. கண்டனத்துக்கும் கட்டற்ற அனுமதிக்கும் இடைப்பட்ட வழி இது. தொழிலையன்று, அதன் பயன்பாட்டை ஆராய்ந்து பார்க்கும் வழி.

எலிசபெத் காலத்திலும் அவ்வாறு ஆராய்ந்தவர் இருந்தனர். காசன் தமது நூலைச் சர் பிலிப் சிட்னி என்னும் பிரபுவுக்குக் காணிக்கையாக்கினார். சிட்னியோ கவிதைக்கு ஆதரவாக ஒரு நூல் எழுதினார். அது அவர் இறந்தபின் 1595-இல் அச்சேறியது. செல்வனும் ஏழை இலாசரும் பற்றிய உவமையை எடுத்துக்காட்டி, நம் ஆண்டவரே அறவுரையோடு நில்லாமல் கதை சொன்னாரே என்று அவர் கேட்டார். தாமஸ் லாட்ஜ் என்னும் இளைஞரும் காசனுக்கு மறுப்பு எழுதினார். லாட்ஜ் பின்னர் கத்தோலிக்க மறையைத் தழுவி, மருத்துவரானார். 1603-இல் கொள்ளைநோய்க்கான மருத்துவ நூலொன்றை வெளியிட்டார். நாடகமே நோய்க்குக் காரணம் என்று மேடையில் முழங்கப்பட்ட நகரில், நாடகத்துக்காக வாதாடியவர் நோய்க்கு மருந்து எழுதினார்.

விரட்டப்பட்ட மறை

இனி, எதிர்ப்பு நூல்கள் சொல்லாமல் விட்டதற்கு வருவோம்.

இலண்டன் அரங்குகள் எழுவதற்கு நெடுங்காலம் முன்பே இங்கிலாந்தில் நாடகம் இருந்தது. அது கோயிலின் குழந்தை. 1264-இல் திருத்தந்தை நான்காம் அர்பன் நிறுவிய கிறிஸ்துவின் திருவுடல் பெருவிழாவையொட்டி, யார்க், செஸ்டர், கொவென்ட்ரி போன்ற நகரங்களில் விவிலிய நாடகங்கள் தெருவில் நடந்தன. உலகப் படைப்பிலிருந்து இறுதித் தீர்ப்பு வரை மீட்பின் வரலாறு முழுவதையும் தொழிற்குழுவினர் தங்களுக்குள் பகிர்ந்துகொண்டனர். யார்க் நகரில் நோவாவின் பேழையைக் கட்டிக் காட்டியவர்கள் கப்பல் தச்சர்கள். இறுதி இராவுணவை நடித்தவர்கள் ரொட்டி சுடுவோர். ஆண்டவரைச் சிலுவையில் அறைந்த காட்சி ஆணி செய்வோர்க்கு உரியது. சக்கர வண்டிகளின்மேல் மேடையமைத்து, விடியற்காலை முதல் இரவு வரை தெருத்தெருவாக நடித்துச் சென்றனர். தன் கை செய்யும் ஆணி யாருடைய கையில் இறங்கியது என்று ஆண்டுதோறும் ஒரு தொழிலாளி ஊரறிய நடித்துக் காட்டினான். இதைவிட ஆழமான மறைக்கல்வி எது?

அரசின் புதிய சமயக் கொள்கை இதைப் பொறுக்கவில்லை. 1548-இல் திருவுடல் பெருவிழா ஒழிக்கப்பட்டது. 1559-இல் அரசி வெளியிட்ட அறிக்கை, சமயத்தையும் அரசாட்சியையும் பற்றிய நாடகங்களுக்கு அனுமதி தரலாகாதென்று அதிகாரிகளுக்குக் கட்டளையிட்டது. யார்க் நகரில் திருவுடல் நாடகம் 1569-இல் கடைசியாக நடந்தது, செஸ்டரில் 1575-இல், கொவென்ட்ரியில் 1579-இல். 1576-இல் வேக்ஃபீல்டு ஊர் மக்களுக்கு வந்த திருச்சபை ஆணையர்களின் கட்டளை, தந்தை, மகன், தூய ஆவியின் மாட்சியையோ, திருமுழுக்கு, ஆண்டவரின் திருவிருந்து என்னும் அருளடையாளங்களையோ மேடையில் நடித்துக் காட்டக் கூடாதென்று விதித்தது.

ஆண்டுகளைக் கவனியுங்கள். வேக்ஃபீல்டில் கடவுளை மேடையேற்றலாகாதென்ற தடை 1576-இல். ஷோர்டிச்சில் வணிக அரங்கு எழுந்ததும் 1576-இல். ஒரு பக்கம் கடவுள் மேடையிலிருந்து இறக்கப்பட்டார். மறுபக்கம், கடவுள் இல்லாத மேடை என்று நாடகத்தின்மீது பழி சுமத்தப்பட்டது. 1606-இல் வந்த சட்டம் இறைவனின் பெயரை மேடையில் விளையாட்டாக உச்சரிப்போர்க்கு 10 பவுன் அபராதம் விதித்தது. அச்சட்டத்தின் நோக்கம் இறைப்பெயரின் தூய்மை. அதை நாம் குறைகூறவில்லை. ஆனால் பக்தியோடு அப்பெயரைச் சொல்லிய நாடகங்கள் அதற்குள் அழிந்திருந்தன. இடம் வெறுமையானால் உலகியல் அங்கே குடியேறுவது இயல்பே. ஒழுக்கத்தின் காவலர்கள் அஞ்சிய மேடை உருவானதில் அவர்களுடைய கைக்கும் பங்கு உண்டு.

ஒற்றனும் மறைசாட்சியும்

இக்காலத்தின் முரண்பாட்டை இரு மனிதரில் ஒருங்கே காணலாம். ஒருவர் ஆந்தனி மண்டே. மேலே சொன்ன 1580-ஆம் ஆண்டு நூலின் பிற்பகுதியை எழுதியவர் இவரே என்று ஆய்வாளர் கருதுகின்றனர். இவர் 1579-இல் உரோமையிலுள்ள ஆங்கிலேயர் கல்லூரியில் மாணவராகத் தங்கியிருந்து, நாடு திரும்பி, அங்குக் கண்டவற்றைக் கத்தோலிக்கருக்கு எதிராக வெளியிட்டார். 1581-இல் இயேசு சபைக் குரு எட்மண்ட் கம்பியனும் தோழர்களும் விசாரிக்கப்பட்டபோது சான்று கூறியவர்களுள் இவரும் ஒருவர். அவ்வாண்டு டிசம்பர் 1-ஆம் நாள் கம்பியன் டைபர்ன் கொலைக்களத்தில் உயிர்நீத்தார்.

அந்தக் கம்பியன் ஒரு நாடக ஆசிரியர். பிராகா நகரின் இயேசு சபைக் கல்லூரியில் கற்பித்தபோது, புனித அம்புரோசியாரைப் பற்றி இலத்தீனில் நாடகம் இயற்றி 1578-இல் மாணவரைக் கொண்டு மேடையேற்றினார். நாடகம் ஆன்மாவைக் கெடுக்கும் என்று எழுதிய கை மறைசாட்சியைக் காட்டிக்கொடுத்தது. நாடகம் எழுதிய கை மறைக்காகக் கட்டப்பட்டது. 1970-இல் திருத்தந்தை ஆறாம் பவுல் கம்பியனைப் புனிதராக அறிவித்தார்.

மண்டேயின் கதை அத்தோடு முடியவில்லை. பிற்காலத்தில் அவரே நாடகம் எழுதிப் பிழைத்தார். புனித தாமஸ் மோரைப் பற்றிய நாடகம் ஒன்றின் மூலப்படி இவர் கையெழுத்தில் இன்றும் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. பிறர் எழுதிச் சேர்த்த பக்கங்களுள் மூன்று ஷேக்ஸ்பியரின் கையெழுத்தென்று ஆய்வாளர் பலர் கொள்கின்றனர். மோர் அதில் நல்லவராக, நகைச்சுவையாளராக, ஏழைகளின் நண்பராக வருகிறார். வீட்டுக்கு வந்த நடிகர்களோடு தாமும் சேர்ந்து நடிக்கிறார். ஆனால் அவர் எதில் கையொப்பமிட மறுத்துத் தலையிழந்தார் என்பது மட்டும் நாடகத்தில் சொல்லப்படவில்லை. சொல்ல இயலாது, தணிக்கை இருந்தது. மனச்சான்றுக்காக ஒருவர் இறப்பதைக் காட்டலாம்; அந்த மனச்சான்று என்ன சொன்னது என்பதைக் காட்டலாகாது.

மகன் எழுதிய மடல்

கத்தோலிக்கராகிய நாம் இதைப் படித்து நெஞ்சு நிமிர்த்தவும் வழியில்லை. 1618-இல் இங்கிலாந்தின் மறைமாவட்டக் குருக்களுக்குத் தலைவராயிருந்த வில்லியம் ஹாரிசன், குருக்கள் பொது நாடக அரங்குகளுக்குச் செல்லக் கூடாதென்று தடைவிதித்தார். சிறைப்பட்டிருந்த குருக்கள் சிலரே அத்தடையை எதிர்த்தனர். கத்தோலிக்கப் பிரான்சில் 1673-இல் நாடக மேதை மொலியேர் இறந்தபோது, அவர் நடிகர் என்பதால் அடக்கச் சடங்கு இரவில், ஆரவாரமின்றி நடக்க வேண்டியதாயிற்று. அஞ்சும் மனம் எந்தச் சபைக்கும் தனியுரிமையன்று. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963-இல் சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய தன் ஆணையில் நாடகத்தைத் தொன்மையும் மேன்மையும் வாய்ந்த கலையாக ஏற்று, அது மனிதப் பண்பை உயர்த்த வேண்டுமென்று விரும்பியது. அக்குவினாவின் வழி அது.

இங்கிலாந்தில் 1642-இல் நாடாளுமன்றம் அரங்குகளை மூடியது; அவை 1660-இல் மீண்டும் திறந்தன. பதினெட்டு ஆண்டுத் தடையால் மக்கள் புனிதராகிவிடவில்லை. மூடிய கதவு திறந்தபோது, உள்ளே வந்த நாடகம் முன்னதைவிடக் கட்டற்றதாய் இருந்தது.

பாரிஸ் கார்டன் விபத்தை இறைத்தீர்ப்பு என்று எழுதிய ஜான் ஃபீல்டு 1588-இல் இறந்தார். அவர் மகன் நாதன் அப்போது கைக்குழந்தை. பள்ளிப் பருவத்திலேயே மேடையேறிய அச்சிறுவன் வளர்ந்து புகழ்பெற்ற நடிகரானார். 1623-இல் வெளிவந்த ஷேக்ஸ்பியர் நாடகத் தொகுப்பில் முதன்மை நடிகர் பட்டியலில் அவர் பெயர் இருக்கிறது. 1616-இல் அவர் வழிபடும் ஆலயத்தின் போதகர் தாமஸ் சட்டன் மறையுரையில் நடிகர்களைக் கடுமையாகத் தாக்கினார். நாதன் பதிலுக்கு மேடையில் ஏளனம் செய்யவில்லை; மடல் எழுதினார். சூனியக்காரரை விடுத்தால், தொழிலுக்காகவே நரகத்துக்கு உரியவர் என்று திருநூல் எவரையும் தீர்ப்பிடுவதைத் தாம் காணவில்லை என்று அதில் வாதாடினார். ஆலயத்திலிருந்து தம்மைத் துரத்த வேண்டாமென்று மன்றாடும் ஒரு விசுவாசியின் குரல் அது. தந்தையின் மறையுரை மேடை எவர்களைக் கண்டித்ததோ, அவர்களுள் ஒருவராக மகன் மறையுரை மேடையின் கீழே அமர்ந்திருந்தார்.

நம் வீடுகளில் ஒளிரும் திரைகளைப் பற்றிக் கவலைப்படும் பெற்றோரும் மேய்ப்பரும் கவலைப்படட்டும். அக்கவலை அன்பின் அடையாளம். ஆனால் கண்டிக்குமுன் மூன்றைக் கேட்டுக்கொள்வோம். கண்டிப்பதை நாம் உள்ளபடி அறிந்திருக்கிறோமா? அதை அகற்றியபின் அவ்விடத்தில் வைக்க நம்மிடம் என்ன இருக்கிறது? நம் சொல் யாரைக் கோயிலுக்கு வெளியே நிறுத்தும்? ஒயிட், ஸ்டாக்வுட், ஃபீல்டு ஆகிய மூவரும் இக்கேள்விகளைத் தங்களிடம் கேட்டிருந்தால், நாதன் ஃபீல்டு அந்த மடலை எழுத நேர்ந்திராது.